சாய்வு மாறிய வெட்டு

கஹவத்தை பஸ் நிலையத்துக்கு எதிரே, சலூனுக்கு மேல்மாடியில், 'யோகராஜ் தனியார் துப்பறியும் சேவை' என்று ஒரு பலகை தொங்குகிறது. ஒரு பக்கத்து ஆணி கழன்று, பலகை சரிந்து, பல காலம் ஆகிவிட்டது. கழன்ற ஆணியைக் கண்டுபிடிக்கவே ஒரு துப்பறிவாளர் வேண்டும் என்று என் உதவியாளர் பிரேமலதா சொல்வாள். அவளை நான் பகைத்துக்கொள்வதில்லை. எங்கள் அலுவலகத்தில் ஓடக்கூடிய ஒரே பொருள் ஆட்டோதான், அது அவளுடையது.

காணாமல்போன ஆடு, கல்யாணத்துக்கு முன் மாப்பிள்ளையைப் பற்றிய விசாரணை, யாரோ எடுத்துக்கொண்டுபோன கைப்பேசி. இதுதான் எங்கள் பிழைப்பு. ஆகவே, அந்தச் சனிக்கிழமை காலை ஓவிய ஆசிரியர் ரெஜினோல்ட் என்னை அழைத்து, "கலைத் திருட்டு" என்று சொன்னபோது நான் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தேன். நாற்காலிக்கு அது பழக்கமில்லை. ஒரு கால் கழன்றது.

ரெஜினோல்டின் வகுப்பறை கடைத்தெருவின் முடிவில் இருந்தது. சுவர் முழுவதும் உலக ஓவிய வரலாற்றை அச்சடித்து ஒட்டியிருந்தார். மூடுபனிக்குள் ஆரஞ்சுச் சூரியன் எழும் மோனேயின் துறைமுகம் ஒரு பக்கம். முகத்தை முன்னாலும் பக்கவாட்டிலும் ஒரே நேரத்தில் காட்டும் பிக்காசோவின் பெண்கள் இன்னொரு பக்கம். கதவோரம் வெறும் கறுப்புச் சதுரம்.

"அண்ணே, இது லைட் போனப்ப வரைஞ்சதா?" என்றாள் பிரேமலதா.

"அது மாலேவிச் வரைஞ்சது பிரேமா. நூறு வருசத்துக்கு முந்தி ரஷ்யாவில. படம்னா எதையாவது காட்டியே ஆகணுமாங்கிற கேள்விய எழுப்புன படம்" என்றேன்.

"அப்ப நம்ம போர்டும் அந்த வகைதான். எதையும் காட்டுறதில்ல."

ரெஜினோல்ட் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். நரைத்த குறுந்தாடி, கதர்ச் சட்டை. "எனக்கு உங்களை மாதிரி ஒருத்தர்தான் வேணும் யோகராஜ். நல்லா விசாரிச்சிட்டுத்தான் கூப்பிட்டேன்."

எனக்கு உச்சி குளிர்ந்தது. என்னைப் பற்றி விசாரித்த பிறகும் ஒருவர் என்னைக் கூப்பிட்டது அதுவே முதல் தடவை.

விஷயம் இதுதான். இரத்தினபுரியில் ஓர் ஓவியப் போட்டி வைத்திருந்தார்கள். உலக ஓவியத்தின் போக்கையே மாற்றிய ஒரு படத்தை எடுத்து, அதை நமது மண்ணுக்குக் கொண்டுவந்து வரைய வேண்டும். தெரிவாகிறவருக்குக் கொழும்புக் கண்காட்சியில் இடம். கூடவே, தங்குமிடத்தோடு ஒரு வருட ஓவியப் படிப்பு. தெரிவானவள் அனிற்றா. ரப்பர் தோட்டத்தின் மேல்கணக்குப் பிரிவில், பிள்ளைக்காம்பராவில் குழந்தைகளைப் பார்த்துக்கொள்கிற பெண். ரெஜினோல்டின் சனிக்கிழமை வகுப்புக்கு வந்துபோனவள்.

"அவ கொண்டுபோய்க் கொடுத்தது என் படம்" என்றார் ரெஜினோல்ட். "என் ஐடியா, என் மரம், என் ஆளுக. அப்படியே திருப்பிப் போட்டிருக்கா. போட்டிக் குழுவில எழுதிக் கொடுத்திட்டேன். வெளியாள் ஒருத்தர் விசாரிச்சுச் சொன்னா ஏத்துக்கிறோம்னு சொல்லியிருக்காங்க. இன்னைக்குப் பின்னேரம் கூட்டம். அதோட பட்டியல் அச்சுக்குப் போயிரும்."

மேசையில் இரண்டு படங்கள் கிடந்தன. ஒன்று அவருடைய கான்வாஸ். மற்றது அனிற்றாவின் படத்தின் வர்ணப் பிரதி.

இருவரும் எடுத்துக்கொண்ட மூலப்படம் ஒன்றே. பாரிஸுக்கு அருகே ஓர் ஆற்றுத் தீவில், ஞாயிறு பிற்பகலில் இளைப்பாறும் மக்களை ஜார்ஜ் சூரா என்பவர் வரைந்த பெரிய படம். அதில் விசேஷம், வர்ணத்தைத் தட்டில் குழைக்காமல் தனித்தனிப் புள்ளிகளாகவே வைத்தது. பக்கத்தில் போனால் புள்ளிகள். தள்ளி நின்றால் நம் கண்ணே அவற்றைக் கலந்து மரமாகவும் மனிதராகவும் ஆக்கிக்கொள்ளும். இது என்ன மாயம் என்று யோசிக்க வேண்டாம். உங்கள் கைப்பேசித் திரையில் மஞ்சள் நிறம் தெரிகிறதே, அங்கே மஞ்சள் கிடையாது. சிவப்புப் பொட்டும் பச்சைப் பொட்டும் நெருங்கி நிற்கின்றன, அவ்வளவுதான். வேலையைச் செய்வது கண். இதையெல்லாம் நான் பிரேமலதாவுக்கு விளக்கிக்கொண்டிருந்தபோது அவள் கொட்டாவி விட்டாள்; அதுவும் தள்ளி நின்று பார்த்தால் புன்னகை போலத்தான் இருந்தது.

இந்த இரண்டு படங்களிலும் ஆற்றுக்குப் பதில் ரப்பர் மலை. பூசை முடிந்து வந்த தோட்டத்து லயத்து ஆட்கள், நல்ல சேலையும் இஸ்திரி போட்ட சட்டையுமாக மரங்களுக்கு அடியில் உட்கார்ந்து சோற்றுப் பார்சலை விரித்திருந்தார்கள். ஒன்றைக் கண்ணாடியில் பார்த்தால் மற்றது. அத்தனை பொருத்தம். ஆக ஒன்று அசல், இன்னொன்று திருப்பிப்போட்ட நகல். எது எது?

"மாஸ்டர், உங்க படத்தில இந்த ஆளு பீச்சாங்கையால சோறு தின்றாரே" என்றாள் பிரேமலதா, கான்வாஸுக்குள் மூக்கை நுழைத்தபடி.

"பிரேமா, நவீன ஓவியத்தில மீறல்னு ஒண்ணு இருக்கு" என்றேன்.

"சோத்துலயுமா?"

ரெஜினோல்ட் அவசரமாக எங்களுக்குப் பிளேன்டி, பால் விடாத தேநீர், ஊற்றினார். நல்ல பிளேன்டி. அதைக் குடித்துக்கொண்டே பார்த்தபோதுதான் எனக்குப் பொறி தட்டியது.

மரங்கள்.

நான் ஒரு காலத்தில் ரப்பர் மரத்தில் பால் வெட்டியிருக்கிறேன். பட்டையைத் தாண்டி மரத்தையே வெட்டுகிறேன் என்று கங்காணி என்னைச் சீக்கிரமே துரத்திவிட்டார். துரத்துவதற்கு முன் ஒரு விஷயத்தை மட்டும் மண்டையில் குட்டிக் குட்டிச் சொல்லிக் கொடுத்திருந்தார். மரத்தைப் பார்த்து நின்றால் வெட்டு இடது பக்கம் உயர்ந்து வலது பக்கம் தாழ வேண்டும். காரணம் இருக்கிறது. பட்டைக்குள் பால் ஓடும் குழாய்கள் செங்குத்தாக நிற்பதில்லை. ஏறும்போது லேசாக வலது பக்கம் சாய்ந்தே ஏறுகின்றன. இடமிருந்து வலமாக இறங்கும் வெட்டு அவற்றைக் குறுக்கே அறுக்கும். அதிகக் குழாய்கள் திறக்கும், அதிகப் பால் வரும். மாற்றி வெட்டினால் மரத்துக்கும் நட்டம், வெட்டியவன் மண்டைக்கும் நட்டம். எங்கள் மலைகளில் எந்த மரத்தைப் பார்த்தாலும் அதே சாய்வு.

ரெஜினோல்டின் படத்தில் எல்லா வெட்டும் இடது மேலே, வலது கீழே. சரி.

அனிற்றாவின் படத்தில் எல்லா வெட்டும் நேர்மாறு. ஒவ்வொரு மரமும் என்னைப்போன்ற ஒருவனிடம் மாட்டிக்கொண்டது போல் இருந்தது.

"திருப்பிப்போட்டது யாரென்று மரமே சாட்சி சொல்கிறது!" என்று எழுந்து நின்று அறிவித்தேன். இப்படி ஒரு வாக்கியத்தைச் சொல்லத்தான் நான் இந்தத் தொழிலுக்கே வந்தேன். ரெஜினோல்டின் முகத்தில் முதலில் ஆச்சரியம், பிறகு பெரிய சிரிப்பு. அந்த வரிசை எனக்கு அப்போது உறைக்கவில்லை. தன் படத்தில் அப்படியொரு சாட்சி இருப்பது அவருக்கே தெரிந்திருக்கவில்லை.

ஆறவைக்காமல், போட்டிக் குழுவின் ஒருங்கிணைப்பாளர் றமீலாவுக்கு வாட்ஸ்அப்பில் ஒரு வொயிஸ் அனுப்பினேன். குழாய்களின் சாய்வு, கங்காணியின் குட்டு, என் முடிவு எல்லாம் அதில் இருந்தன. நீளமான வொயிஸ். முடிவில், "அனிற்றாவின் படமே நகல், இதில் சந்தேகத்துக்கு இடமில்லை" என்றேன்.

பதில் உடனே வந்தது. றமீலாவின் குரல் நிதானமாக இருந்தது. "நீங்க சொல்றது சரியாத்தான் படுது. கூட்டத்தில அந்தப் பிள்ளையோட பேரை எடுத்திர்றோம். ஆனா அவட பக்கத்தையும் ஒருக்காக் கேட்டுட்டு வாங்க. ஒருத்தரைக் கள்ளின்னு சொல்ல முந்தி மூஞ்சியப் பார்த்துக் கேக்கணும்."

"வீண் அலைச்சல்" என்றார் ரெஜினோல்ட். "அவகிட்ட எப்படி வரைஞ்சன்னு கேட்டா வாயே திறக்கமாட்டா. நான் கேட்டுப் பார்த்திட்டேன்."

*

மேல்கணக்குக்கு ஏறும் பாதையில், ஒரு பலாமரத்தடியில் பிரேமலதா ஆட்டோவை நிறுத்தினாள். "பசிக்குது. திருடியப் பிடிக்கிறதுக்கு முந்தி தின்னுட்டுப் போவோம்."

அவள் முன்சீட்டில் பார்சலைப் பிரித்தாள். நான் பின்சீட்டில். பிடரியைப் பார்த்துப் பேச எனக்குப் பிடிக்காது. அதனால் கைப்பிடிக்கு மேலே தொங்கும் கண்ணாடியில் அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டு என் வெற்றியின் நுட்பங்களை மறுபடியும் விளக்கிக்கொண்டிருந்தேன். விளக்கம் பாதியில் நின்றது.

"பிரேமா, என்னம்மா இது அசிங்கம்! சோத்தப் பீச்சாங்கையாலயா தின்னுவாங்க?"

அவள் திரும்பினாள். பருப்பு வழியும் வலது கையைத் தூக்கி என் மூக்குக்கு நேரே ஆட்டினாள். "அண்ணே, இது எந்தக் கை? கண்ணாடியில பாத்தா அப்படித்தான் தெரியும். அனுமான் கூட இத்தன சீக்கிரம் லங்காவக் கொளுத்தல."

நான் சிரிக்கவில்லை. வாயிலிருந்த சோற்றை விழுங்கவும் மறந்தேன். கையைத் துடைத்துக்கொண்டு, காலையில் கைப்பேசியில் பிடித்து வைத்திருந்த இரண்டில் ரெஜினோல்டின் படத்தைப் பெரிதாக்கினேன். பீச்சாங்கையால் சாப்பிடுகிறவர் ஒருவர் இல்லை. சாப்பிடுகிற எல்லோருமே பீச்சாங்கை. அது மட்டுமா? ஒவ்வொரு பெண்ணின் முந்தானையும் வலது தோளில். பூசைக்குப் போய்வந்த ஒரு லயம் முழுவதும், மாலேவிச்சைக் கேட்டுக்கொண்டு, ஒரே நாளில் மீறலில் இறங்கியிருந்தது.

அனிற்றாவின் படத்தைத் திறந்தேன். சோறு வலது கையில். முந்தானை இடது தோளில்.

"பிரேமா… ரெஜினோல்ட் மாஸ்டரோட படம்தான் திருப்பிப்போட்டது."

"காலையில நான் சொன்னப்ப அது மீறல்."

"ஆனா மரம்?"

அதுதான் சிக்கல். மனிதர்களை நம்பினால் அனிற்றாவுடையது அசல். மரங்களை நம்பினால் ரெஜினோல்டுடையது அசல். ஒரு படத்தில் ஆட்கள் நேர், மரங்கள் புரட்டு. இன்னொன்றில் மரங்கள் நேர், ஆட்கள் புரட்டு. இரண்டுமே நகல் என்றால் அசல் எங்கே? எந்தப் புகைப்படமும் ஆளை ஒரு விதமாகவும் மரத்தை ஒரு விதமாகவும் பிடிக்காது.

அதைவிட முக்கியமான ஒன்று நினைவுக்கு வந்தது. வொயிஸ். அதை அழிக்கலாமா என்று அவசரமாகத் திறந்தேன். நீலச் சரி அடையாளங்கள் இரண்டு என்னைப் பார்த்துக் கண் சிமிட்டின. கீழே றமீலாவின் எழுத்து: 'உங்க வொயிஸைக் குழுவில எல்லாருக்கும் அனுப்பியிருக்கேன்.'

"அண்ணே, இனி ஒண்ணும் செய்ய ஏலாது" என்றாள் பிரேமலதா, பார்சல் தாளை மடித்து. "நீங்க மரத்தையும் கெடுப்பீங்க, மனுசரையும் கெடுப்பீங்கன்னு அந்தக் கங்காணிக்கு அன்னைக்கே தெரிஞ்சிருக்கு. வாங்க, போவோம்."

*

லயத்து வரிசை வீடுகளில் கடைசிக் காம்பரா அனிற்றாவுடையது. இஸ்தோப்பு என்கிற முன் திண்ணையில் துணி மடித்துக்கொண்டிருந்தவள், எங்களைக் கண்டதும் எழுந்தாள். இருபத்தைந்து வயதிருக்கும். விரல் நுனிகளில் பல நிறங்கள்.

"மாஸ்டர் அனுப்புன ஆளு தானே நீங்க?"

"விசாரிக்க வந்திருக்கோம்" என்றேன்.

"இனி என்னத்த விசாரிக்க? 'சந்தேகத்துக்கு இடமில்ல'ன்னு நீங்க பேசுனது குழுவில இருந்து கைமாறி என் போனுக்கே வந்திருச்சு. லயத்துல எல்லாரும் கேட்டாச்சு. பிள்ளைகள விட்டுட்டுப் போற அம்மாமார் திங்கக்கிழமை என்னைய எப்படிப் பாப்பாங்க? திருடிகிட்ட யாரு பிள்ளையக் குடுப்பா?"

என் கை சட்டைப்பைக் கைப்பேசியைத் தானாகப் பொத்திக்கொண்டது.

"தங்கச்சி" என்று பிரேமலதா தொடங்கினாள். "இந்த அண்ணன் தப்பாச் சொல்லிட்டாரு. அவருக்கே இப்ப அது தெரியும். சாப்பாட்ட வச்சுக் கண்டுபிடிச்சோம். ஆனா மரம் மட்டும் ஒதைக்குது. அத எப்படி வரைஞ்சன்னு சொன்னா சரியாப் போயிரும்."

"எந்த மரம்?"

காம்பராவுக்குப் பின்னால் அழைத்துப்போனாள். சின்ன மரக்கறித் தோட்டம், அதைத் தாண்டியதும் ரப்பர் மலை. பின்னேர வெயில் முன்வரிசை மரங்களின் முகத்தில் விழுந்திருந்தது. படத்தில் இருந்த அதே மரங்கள். அதே பருமன், பால் வடியும் அதே சிரட்டைகள். வெட்டுகள் மட்டும், கங்காணி சொன்னபடியே, இடது உயர்ந்து வலது தாழ்ந்து கிடந்தன.

நான் கைப்பேசியில் அவளுடைய படத்தை நீட்டினேன். அவள் படத்தைப் பார்த்தாள், மரத்தைப் பார்த்தாள், மறுபடி படத்தைப் பார்த்தாள். அந்த முகத்தில் நான் தேடியது நடிப்பு. கிடைத்தது திகைப்பு.

"இது… மாறியிருக்கு. எனக்கே தெரியாது. நான் பால் வெட்டுற ஆளில்ல சார். இருந்தபடிதானே பதிஞ்சேன்."

"பதிஞ்சேன்னா?"

அவள் உதட்டைக் கடித்துக்கொண்டாள். சொல்லக்கூடாத ஒன்று வாய்தவறி வந்துவிட்டது தெரிந்தது.

"சொன்னா நீங்க சிரிப்பீங்க. மாஸ்டர் வகுப்புல சொல்லுவாரு, பாத்துப் பதியிறவன் ஓவியன் இல்ல, களவாளின்னு. அதான் யாருகிட்டயும் சொல்லல. ஆளுகள நான் பாத்து வரைஞ்சேன், இஸ்தோப்புல உக்கார வச்சு. மரத்த மட்டும்…"

மலைக்கு அந்தப் பக்கம் மேகம் இருட்டிக்கொண்டு வந்தது. எங்கள் பக்கத்தில் பின்னேரம் என்றால் மழைதான். அனிற்றா வானத்தைப் பார்த்தாள். எதையோ தீர்மானித்தாள்.

"வெயில் போறதுக்குள்ள உள்ள வாங்க. கதவச் சாத்துங்க."

உள்ளே கதவைச் சாத்தினோம். பின்பக்கத்துச் சன்னலை ஒரு தகரத்தால் அடித்து மூடியிருந்தார்கள். ஒரே இருட்டு.

"அண்ணே, அந்தக் கறுப்புக் கட்டம் ஞாபகம் வருது" என்று இருட்டுக்குள் இருந்து பிரேமலதாவின் குரல் கேட்டது.

"கொஞ்சம் பொறுங்க அக்கா. கண்ணு பழகட்டும்."

கண் பழகியது. சுவர் பழகியது என்றுதான் சொல்ல வேண்டும். சுண்ணாம்பு அடித்த எதிர்ச் சுவரில், முதலில் ஒரு பச்சைப் புகை. பிறகு கோடுகள். பிறகு, நம்பவே முடியாமல், முழு ரப்பர் மலை. தலைகீழாக. இலைகள் தரையில், வேர்கள் கூரையில், சிரட்டைகள் கவிழ்ந்தபடி. கூரைக்கு அருகே ஒரு கோழி கால்களை மேலே வைத்துக்கொண்டு மெதுவாக நடந்துபோனது.

"மாதாவே!" என்றாள் பிரேமலதா. அவள் அம்மன் கோயிலுக்குப் போகிறவள்.

தகரத்தில் ஓர் ஆணித் துவாரம். அவ்வளவுதான் கருவி. ஒளி நேர்கோட்டில் மட்டும் போகும். மர உச்சியிலிருந்து புறப்பட்ட ஒளி துவாரத்துக்குள் நுழைந்து, இறங்கிக்கொண்டே போய்ச் சுவரின் அடியில் விழுகிறது. அடிமரத்து ஒளி ஏறிக்கொண்டே போய் மேலே விழுகிறது. அதனால்தான் தலைகீழ். இந்த இருட்டறை விளையாட்டு மிகப் பழையது. ஒல்லாந்து தேசத்து வெர்மீர் போன்ற பெரிய ஓவியர்களே இதைப் பயன்படுத்தியிருக்கலாம் என்று இன்றுவரை ஆராய்ச்சிக்காரர்கள் சண்டை போடுகிறார்கள். இவ்வளவும் எனக்குத் தெரியும். தெரிந்திருந்தும், ஒரு படத்தில் மரம் புரண்டு கிடந்தபோது எனக்குத் திருட்டுதான் ஞாபகம் வந்தது. நான் படிக்காதவனாக இருந்திருந்தால் கொஞ்சம் மன்னிக்கலாம்.

"சின்னப் பிள்ளையில இருந்து இந்தப் படத்தப் பாத்துத்தான் தூங்குவேன்" என்றாள் அனிற்றா. "பலகைய இங்க சாத்திவச்சு, புள்ளி புள்ளியா வச்சுக்கிட்டே வருவேன். இருட்டுல கோடு இழுத்தா கோணிரும், புள்ளி வச்சா வைக்கலாம். அப்புறமா பலகையச் சுத்தி நிமித்திருவேன். மரம் ஆடாம நிக்கும். ஆளுக நிக்க மாட்டாங்க. அதான் ஆளுகள வெளியில வச்சு வரைஞ்சேன்."

சுவரில் தெரிந்த வெட்டுகளை விரலால் தொட்டேன். அங்கேயே அவை மறுபக்கம் சாய்ந்திருந்தன. பலகையைச் சுற்றி நிமிர்த்தினாலும் அது மாறாது. சந்தேகம் இருந்தால் ஒரு தாளில் சாய்கோடு ஒன்று போட்டு, தாளைத் தலைகீழாகச் சுற்றிப் பாருங்கள்; கோடு அதே பக்கம்தான் சாய்ந்து நிற்கும். ஆகவே இருட்டுக்குள் பதிந்த மரங்கள் புரண்டன. வெளிச்சத்தில் பார்த்து வரைந்த ஆட்கள் நேராக நின்றார்கள். அவள் படம் அப்படி மட்டுமே பிறந்திருக்க முடியும். ரெஜினோல்ட் அதை மொத்தமாகத் திருப்பிப்போட்டபோது மரங்கள் தற்செயலாக நேராகிவிட்டன. ஆட்கள் பீச்சாங்கைக்குப் போனார்கள்.

"மாஸ்டர்கிட்ட படத்தக் காட்டுனியா?"

"அபிப்பிராயம் கேட்டுக் கொண்டுபோனேன். போன்ல போட்டோ எடுத்து வச்சுக்கிட்டாரு. 'பரவால்ல, பழகு'ன்னாரு. அவரும் போட்டிக்கு அனுப்புனது எனக்குப் பிந்தித்தான் தெரியும்."

றமீலாவுக்கு வீடியோ அழைப்பு எடுத்தேன். மணி அடித்தது. அவர் எடுத்தார். "சொல்லுங்க, கூட்டம் தொடங்கிட்டு—"

அந்த நொடியில் சுவர் அணைந்தது. மேகம் வெயிலை மூடிவிட்டது. மலை, மரம், கோழி எல்லாம் போய், சுண்ணாம்பு மட்டும் மிஞ்சியது.

"எனக்கு ஒண்ணும் தெரியல்லியே யோகராஜ். இருட்டா இருக்கு."

"கொஞ்சம் பொறுங்க மிஸ். சூரியன் வரணும்."

"என்ன வரணும்?"

தகரக் கூரையில் முதல் துளிகள் விழுந்தன. அனிற்றா சுவரைப் பார்த்தபடியே நின்றாள். விரல்களைப் பின்னிக்கொண்டிருந்தாள். பேசிக்கொண்டே இருக்க வேண்டும், றமீலா வைத்துவிடக்கூடாது. நான் பேசினேன். பீச்சாங்கையைச் சொன்னேன், முந்தானையைச் சொன்னேன், துவாரத்தைச் சொன்னேன். வாழ்க்கையில் முதன்முறையாக என் நீளமான பேச்சுக்கு ஒரு பயன் இருந்தது.

"அப்ப காலையில அனுப்பின வொயிஸ்?" என்றார் றமீலா.

நான் வாயைத் திறப்பதற்குள் பிரேமலதா எட்டிக் கைப்பேசிக்குள் சொன்னாள்: "அதக் கண்ணாடியில வச்சுக் கேளுங்க மிஸ். சரியா இருக்கும்."

அந்தப் பக்கத்தில் பலர் சிரிப்பது கேட்டது. சிரிப்பு அடங்குவதற்குள் மேகம் விலகியிருக்க வேண்டும். மழைக்கு நடுவே வெயில் அடித்தது. சுவரில் மலை மெல்ல ஊறி எழுந்தது, இப்போது நனைந்து, முன்பைவிடப் பளபளப்பாக. தலைகீழ் மரங்களுக்கு நடுவே மழை தரையிலிருந்து கூரைக்குப் பெய்துகொண்டிருந்தது.

றமீலா திரைக்கு முகத்தை நெருக்கினார். பிறகு, "வெட்டுக்குக் கிட்ட கொண்டு போங்க" என்றார். கொண்டுபோனேன். "பலகையை வச்சுக் காட்டச் சொல்லுங்க." அனிற்றா ஒரு தாளைச் சுவரில் வைத்து, ஒரு வெட்டைப் புள்ளிகளாகப் பதிந்து, தாளைச் சுற்றிக் காட்டினாள். அங்கே இருந்தது அவள் படத்து மரம்.

"வச்சிராதீங்க" என்றார் றமீலா. யாரிடமோ பேசும் சத்தம். காத்திருந்தோம். திரும்பி வந்தபோது குரலில் ஒரு கூர்மை இருந்தது. "ரெஜினோல்டுக்கு எடுத்து ஒரே ஒரு கேள்வி கேட்டேன். உங்க படத்தில எல்லாரும் ஏன் இடது கையால சாப்பிடுறாங்கன்னு. மீறல் என்றார். எல்லாரும் ஒரே நாளிலயா என்றேன். வச்சிட்டார். அனிற்றா, உங்கட பேர் பட்டியலில இருக்கும்."

"மிஸ்… நான் பதிஞ்சு வரைஞ்சது தப்பில்லையா?"

"அதைத் தப்புன்னு சொன்னா பாதி அருங்காட்சியகத்தைப் பூட்டணும்."

"அப்ப மரத்தத் திருத்தித் தரவா?"

"தொடவே வேணாம்!" என்று றமீலாவும் நானும் ஒரே குரலில் கத்தினோம்.

அழைப்பு முடிந்ததும் அனிற்றா சுவரில் சாய்ந்து உட்கார்ந்தாள். அவள் தோளில் ஒரு ரப்பர் கிளை தலைகீழாக ஆடியது. அழுகிறாளா சிரிக்கிறாளா என்று இருட்டில் தெரியவில்லை. நான் மன்னிப்புக் கேட்டேன். லயத்தில் எல்லோரும் கேட்கும்படி புதிதாக ஒரு வொயிஸ் அனுப்புகிறேன் என்றேன்.

"சின்னதா அனுப்புங்க சார்" என்றாள்.

வெளியே வந்தோம். மழை விட்டிருந்தது. ஆட்டோ பின்பக்கத்துப் பாதையில் நின்றதால் மரக்கறித் தோட்டத்தைக் குறுக்கே கடந்தோம்.

"அண்ணே, ஒண்ணு கேக்கவா?" என்றாள் பிரேமலதா. "'உங்களை மாதிரி ஒருத்தர்தான் வேணும், நல்லா விசாரிச்சேன்'னு மாஸ்டர் சொன்னாரே. என்னத்த விசாரிச்சிருப்பாரு?"

யோசித்தேன். தப்பான முடிவை உறுதியான குரலில் சொல்லக்கூடிய ஆள், சுற்றுவட்டாரத்தில், வேறு யார்? ரெஜினோல்ட் வேறு எதில் தவறியிருந்தாலும் ஆள் தேர்வில் தவறவில்லை. தேர்ந்தெடுத்த ஆளுக்கு ஒரு வாயாடி உதவியாளர் இருப்பதை மட்டும் விசாரிக்காமல் விட்டுவிட்டார்.

"சார்!" தகரத்துக்குப் பின்னாலிருந்து அனிற்றாவின் குரல். "அங்கேயே நில்லுங்க! அசையாதீங்க!"

"ஏம்மா?"

"வெயில் நல்லா விழுது. ஆளுக நிக்க மாட்டாங்கன்னு சொன்னேன்ல? நீங்க நில்லுங்க. எனக்கு ஒரு கடன் பட்டிருக்கீங்கதானே."

நின்றேன். ஒரு ரப்பர் மரத்துக்குப் பக்கத்தில், ஈர மண்ணில், தொப்பையை உள்ளிழுத்துக்கொண்டு. சட்டைப்பையில் கைப்பேசி துடித்தது. எட்டிப் பார்த்த பிரேமலதா, "மாஸ்டர்" என்று வாயசைத்தாள். எடுக்க முடியாது, அசையக்கூடாது. உள்ளே, அந்த இருட்டில், ஒரு துப்பறிவாளன் தலைகீழாகத் தொங்கிக்கொண்டிருப்பான். காலையிலிருந்து நான் இருந்த நிலையை அவ்வளவு துல்லியமாக வேறு யாரும் காட்டியிருக்க முடியாது.

"அண்ணே" என்றாள் பிரேமலதா, மெதுவாக. "கொசு ஒண்ணு மூக்குல உக்காந்திருக்கு. எந்தக் கையால அடிச்சாலும் படத்துல தப்பாத்தான் வரும்."

நான் அடிக்கவில்லை.